ஆச்சி கையில் வளரும் பிள்ளை: ரத்தமா, வளர்ப்பா, ஊர்ப் பழக்கமா?

கேள்வியைச் சுருக்கமாகச் சொல்லிவிட்டுப் பதிலுக்கு வருகிறேன். கேட்டிருப்பவர் பாளையங்கோட்டையில் வேலை பார்க்கும் ஒரு தாய். வீடு அம்பாசமுத்திரம் பக்கம் ஒரு கிராமம். பையனுக்கு ஒன்றேகால் வயது. காலையில் பஸ் ஏறினால் பொழுது சாய்ந்துதான் வீடு திரும்புகிறார். பகலில் மாமியார், மதினி, பக்கத்து வீட்டு ஆச்சி என மூன்று பேர் மாறி மாறிப் பிள்ளையைப் பார்த்துக்கொள்கிறார்கள். "முதல் மூன்று வருஷம் தாய் மடியில் இல்லாத பிள்ளைக்கு மனசு நிலைக்காது, இது பரிணாமம் வகுத்த விதி" என்று யூடியூபில் ஒருவர் பேசியதைக் கேட்டதிலிருந்து இவருக்குத் தூக்கம் போய்விட்டது. மாமனாரோ, "நூலைப் போல சேலை, தாயைப் போல பிள்ளை. எல்லாம் ரத்தத்துல இருக்கு, யாரு வளர்த்தா என்ன?" என்கிறாராம். மாமியார், "தொட்டில் பழக்கம் சுடுகாடு மட்டும்" என்கிற கட்சி. இதில் யார் சொல்வது சரி, மூன்று பேர் மூன்று விதமாகக் கொஞ்சினால் பிள்ளை குழம்பிப்போகாதா என்பது கேள்வி.

முதலில் யூடியூப்காரரைக் கவனிப்போம், உங்கள் தூக்கத்தைக் கெடுத்தவர் அவர்தானே. பரிணாமத்தைச் சாட்சிக்குக் கூப்பிட்டவர், அந்தச் சாட்சி என்ன சொல்கிறது என்று கேட்கவில்லை.

சிம்பன்சித் தாய் முதல் சில மாதங்களுக்குத் தன் குட்டியை வேறு யார் கையிலும் விடுவது மிக அரிது. நாலைந்து வருஷம் பால் கொடுக்கும். அடுத்த குட்டி பிறக்க ஐந்தாறு வருஷம் ஆகும். தாய் மடியே உலகம் என்கிற ஏற்பாடு அங்கேதான் இருக்கிறது. மனிதக் கதை வேறு. வேட்டையாடியும் கிழங்கு தோண்டியும் வாழ்ந்த சமூகங்களில்கூடப் பெண்கள் மூன்று நான்கு வருஷத்துக்கு ஒரு பிள்ளை பெற்றார்கள். மூத்தது தன் சாப்பாட்டைத் தானே தேடிக்கொள்ளும் வயசு வருவதற்குள் இரண்டாவது, மூன்றாவது வந்துவிடும். அத்தனையையும் ஒருத்தியால் ஊட்டி வளர்க்க முடியாது. ஆகவே மனித இனம் தழைத்ததே தாயோடு பலர் சேர்ந்து பிள்ளை வளர்த்ததால்தான் என்று மானிடவியலாளர் சாரா ஹர்டி பல வருஷங்களாக வாதிட்டு வருகிறார். காங்கோவின் இதூரிக் காட்டில் வாழும் எஃபே மக்களிடம் 1980களில் நடந்த ஆய்வில், நாலு மாதக் குழந்தைகள் பகலில் பாதி நேரத்துக்கும் மேல் தாயல்லாத மற்றவர்கள் கையில் இருந்ததைப் பார்த்தார்கள். அந்தப் பிள்ளைகள் மனசு உடைந்து போகவில்லை.

பாட்டிமார் பங்கு இன்னும் சுவாரஸ்யமானது. தான்சானியாவின் ஹட்சா மக்களிடம் கிறிஸ்டன் ஹாக்ஸும் அவருடைய கூட்டாளிகளும் கிழவிகளின் பின்னாலேயே நடந்து, யார் எவ்வளவு கிழங்கு தோண்டுகிறார்கள் என்று கணக்கெடுத்தார்கள். கைக்குழந்தை வந்ததும் தாயின் உழைப்பு குறைகிறது. அப்போது மூத்த பிள்ளையின் எடை கூடுவதும் குறைவதும் பாட்டி தோண்டும் கிழங்கைப் பொறுத்திருந்தது. மாதவிடாய் நின்ற பிறகும் மனிதப் பெண் இருபது முப்பது வருஷம் தெம்பாக வாழ்வதற்கே இதுதான் காரணமாக இருக்கலாம் என்பது அவர்களின் கருதுகோள். எதிர்வாதம் செய்கிறவர்களும் உண்டு. ஆனால் பாட்டி உதவியதால் பேரப்பிள்ளை பிழைத்தது என்பது பல சமூகங்களில் திரும்பத் திரும்பப் பார்த்த விஷயம். உங்கள் அத்தையும் அந்த ஆச்சியும் செய்வது வேலைக்குப் போகிற பெண்ணுக்காக நேற்று கண்டுபிடித்த மாற்று ஏற்பாடு இல்லை. மனிதப் பிள்ளையின் மனசு இப்படிப் பல கைகளுக்கு நடுவில்தான் உருவாகி வந்திருக்கிறது.

பல கைகளில் வளர்வது மனசையும் ஒரு விதத்தில் செதுக்கியிருக்கிறது. யார் தூக்குவார்கள், யார் சிடுசிடுப்பார்கள் என்று முகத்தைப் பார்த்தே கண்டுபிடிக்கும் குழந்தைக்குப் பிழைக்கும் வாய்ப்பு கூடுதல். 2007இல் ஜெர்மனியின் லைப்சிக் நகர ஆய்வாளர்கள் இரண்டரை வயசுப் பிள்ளைகளையும் சிம்பன்சிகளையும் ஒராங்குட்டான்களையும் ஒரே மாதிரியான சோதனைகளுக்கு உட்படுத்தினார்கள். ஒளித்து வைத்ததைக் கண்டுபிடிப்பது, அளவை ஒப்பிடுவது போன்றவற்றில் பிள்ளைகளும் சிம்பன்சிகளும் ஏறக்குறைய சமம். அடுத்தவர் செய்வதைப் பார்த்துக் கற்பது, சுட்டிய விரலைப் புரிந்துகொள்வது ஆகியவற்றில் பிள்ளைகள் வெகுதூரம் முன்னே போய்விட்டார்கள். ஒன்றேகால் வயசுப் பையன் நிலாவைக் காட்டிவிட்டு ஆச்சியின் முகத்தைத் திரும்பிப் பார்க்கிறானே, அது சின்ன விஷயமில்லை. "நான் பார்ப்பதை நீயும் பார்க்கிறாயா" என்று சரிபார்க்கும் வேலை அது.

இன்னொரு உடல் சங்கதியையும் சொல்லிவிடுகிறேன். பிறக்கும்போது நம் மூளையின் அளவு வளர்ந்தவர் மூளையில் கால் பங்கைவிடச் சற்றே அதிகம். சிம்பன்சிக்கு அது ஐந்தில் இரண்டு பங்கு அளவில் இருக்கும். நம் மூளை 90 சதவீத அளவை எட்ட ஆறு வயசு ஆகிறது. மூளையின் முன்பகுதி இணைப்புகள் சீராகி முடிய 25 வயசு நெருங்கிவிடும். அதாவது கொஞ்ச வேலையை வயிற்றிலும் மீதியைத் திண்ணையிலும் தெருவிலும் முடிக்கும்படிதான் பரிணாமம் விட்டிருக்கிறது. பண்பாடு உள்ளே நுழைவது அந்த வழியாகத்தான். பரிணாமமா பண்பாடா என்று தராசில் நிறுத்துவது இதனால்தான் சரிப்படாது. பண்பாட்டைக் கற்றுக்கொள்ளும்படி பரிணமித்த உயிர் நாம்.

எவ்வளவு சீக்கிரம் நுழைகிறது என்று பாருங்கள். 2009இல் வந்த ஓர் ஆய்வில், பிறந்து சில நாளே ஆன பிரெஞ்சுக் குழந்தைகளின் அழுகை கீழிருந்து மேலே ஏறும் ராகத்திலும் ஜெர்மன் குழந்தைகளின் அழுகை மேலிருந்து கீழே இறங்கும் ராகத்திலும் அதிகம் இருந்தது. அந்தந்த மொழியின் ஏற்ற இறக்கம் அப்படி. வயிற்றுக்குள்ளேயே கேட்டுவிட்டு வந்திருக்கின்றன. 1984இல் ஜேனட் வெர்க்கர் கனடாவில் செய்த சோதனை இதைவிட எனக்குப் பிடிக்கும். இந்தியில் நாக்கைப் பல்லில் வைத்துச் சொல்லும் 'த' வரிசை ஒலியும், நாக்கை மடக்கிச் சொல்லும் 'ட' வரிசை ஒலியும் வேறு வேறு. பத்து, பட்டு என்பதில் நமக்கும் அந்த வேறுபாடு உண்டு. ஆங்கிலம் பேசும் பெரியவர்களுக்கு அது காதில் சரியாக ஏறாது. ஆனால் ஆங்கில வீட்டில் பிறந்த ஆறேழு மாதக் குழந்தைகளுக்கு ஏறியது! பத்துப் பன்னிரண்டு மாதம் ஆனபோது அந்தக் காது மறைந்துவிட்டது. நம் பிள்ளைகளுக்கோ அதே மாதங்களில் அது உறுதிப்படுகிறது. "ஏலே, இங்க வாலே" என்று இழுக்கும் நெல்லை ராகம் வாயில் வருவதற்கு வெகு முன்பே காதில் குடியேறிவிடுகிறது.

பண்பாடு பாடம் நடத்துவதில்லை. பக்கத்தில் உட்கார வைக்கிறது, அவ்வளவுதான். முக்கூடல், ஆலங்குளம் பக்கம் பீடி சுற்றும் வீடுகளில் பார்த்திருப்பீர்கள். அம்மா மடியில் சுளவு. உத்தரத்தில் தொங்கும் சேலைத் தொட்டிலின் கயிறு அவள் கால் கட்டைவிரலில். இலையை வெட்டி, தூளை வைத்து, உருட்டி, நூல் சுற்றி, நுனியை நகத்தால் மடக்குகிறாள். பேச்சு இன்னொரு பக்கம் ஓடிக்கொண்டே இருக்கிறது. பக்கத்தில் இரண்டு வயசுப் பெண்பிள்ளை, கீழே விழுந்த இலைத்துண்டை எடுத்து உருட்டுகிறது. உள்ளே தூள் கிடையாது, நூலும் கிடையாது. ஆனால் கடைசியில் நுனியை நகத்தால் அழுத்துகிறது பாருங்கள், அம்மா செய்வது போலவே. ஏன் அழுத்த வேண்டும் என்று அதற்குத் தெரியாது. (புகையிலைத் தூசி பறக்கும் இடத்தில் பிள்ளையை உட்காரவைப்பது நல்லதல்ல என்பது வேறு விஷயம்.)

இந்த "ஏன் என்று தெரியாமல் அப்படியே செய்வது" மனிதப் பிள்ளையின் தனிக்குணம். 2005இல் விக்டோரியா ஹார்னரும் ஆண்ட்ரூ வைட்டனும் ஒரு பெட்டியிலிருந்து தின்பண்டம் எடுக்கும் முறையைச் செய்து காட்டினார்கள். நடுவில் தேவையே இல்லாத சில தட்டல்களையும் சேர்த்துக்கொண்டார்கள். பெட்டி கண்ணாடி போல உள்ளே தெரிகிறதாக இருந்தபோது, சிம்பன்சிகள் தேவையில்லாததை விட்டுவிட்டு நேரே பண்டத்தை எடுத்தன. மூன்று நான்கு வயசுப் பிள்ளைகள் தட்ட வேண்டியதையெல்லாம் தட்டிவிட்டுத்தான் எடுத்தார்கள். பார்த்தால் சிம்பன்சி கெட்டிக்காரன் போலத் தெரியும். ஆனால் நெல்லை அவிக்கும் பக்குவம், பத்தமடையில் கோரைப்பாய் நெய்யும் நுணுக்கம், கொடை விழாவில் எந்தச் சாமிக்கு முதலில் படைப்பது என்கிற வரிசை எல்லாம், காரணம் கேட்காமல் முதலில் செய்துபார்க்கும் இந்தக் குணத்தால்தான் தலைமுறை தாண்டி வருகின்றன. கெட்ட பழக்கமும் சாதிப் பார்வையும் இதே வழியில்தான் வருகின்றன என்பதையும் சொல்லியாக வேண்டும். யார் வீட்டு முற்றத்தில் உட்காரலாம், யார் வீட்டில் தண்ணீர் குடிக்கக் கூடாது என்பதை யாரும் பிள்ளைக்கு வகுப்பெடுப்பதில்லை. பெரியவர் முகம் சுளிப்பதைப் பார்த்தே படித்துவிடுகிறது.

சரி, குழந்தைப் பருவத்துக்கு வருவோம். ஜான் பௌல்பி என்ற பிரிட்டிஷ் மனநல மருத்துவர்தான் தாய்-சேய் பிணைப்புக் கோட்பாட்டுக்கு மூலவர். அவருடைய ஆரம்ப கால எழுத்தில் தாய் என்ற ஒருத்திக்கு அளவுக்கு மீறிய இடம் இருந்தது. யூடியூப்காரர் பிடித்துக்கொண்டது அந்தப் பழைய பதிப்பைத்தான் என்று நினைக்கிறேன். பௌல்பியோடு வேலை பார்த்த மேரி எய்ன்ஸ்வொர்த் 1950களில் உகாண்டா போய்க் கிராமத்துத் தாய்மார்களையும் பிள்ளைகளையும் வீடு வீடாகப் பார்த்தார். அங்கே தாய் தோட்ட வேலைக்குப் போக, பிள்ளையை மற்றவர்கள் பார்ப்பது சாதாரணம். அவர் கண்டது: பிள்ளைகளுக்குத் தாயோடும் பிணைப்பு இருந்தது, மற்றவர்களோடும் இருந்தது. உறுதியான பிணைப்புக்கு ஆதாரமாக அவர் பார்த்தது, பிள்ளையின் அழுகையையும் சைகையையும் கவனித்துப் பதில் கொடுக்கும் தாயின் கூர்மையை.

அப்புறம் அமெரிக்காவில் பால்டிமோர் நகரத்தில் அவர் ஒரு சோதனை வகுத்தார். ஒரு வயசுப் பிள்ளையைப் புதிய அறையில் விட்டுவிட்டுத் தாய் சிறிது நேரம் வெளியே போவார், திரும்பி வருவார். வந்ததும் பிள்ளை ஓடி வந்து தேறிக்கொள்கிறதா, கண்டுகொள்ளாமல் இருக்கிறதா, தேறாமல் முரண்டு பிடிக்கிறதா என்று பார்த்து வகைப்படுத்துவார். இதே சோதனையை வடக்கு ஜெர்மனியின் பீலஃபெல்டில் செய்தபோது, தாயைக் கண்டுகொள்ளாத பிள்ளைகள் ஏறத்தாழப் பாதி. ஜப்பானின் சப்போரோவில் அப்படி ஒரு பிள்ளைகூட இல்லை. அங்கே தேறாமல் அழுத பிள்ளைகள் அதிகம். ஜெர்மன் பிள்ளை பாசம் அற்றது, ஜப்பான் பிள்ளை நோஞ்சான் என்று எடுத்துக்கொள்ளலாமா? பீலஃபெல்டில் சீக்கிரமே தனியாக இருக்கப் பழக்குகிறார்கள். சப்போரோவில் பிள்ளை அதற்குமுன் தனியே விடப்பட்டதே கிடையாது. சோதனை அளந்ததில் பாதி ஊர்ப் பழக்கம்.

நம் ஊரில் இடுப்பை விட்டு இறங்காத பிள்ளையை அந்த அறையில் விட்டால் என்ன நடக்கும் என்று உங்களுக்கே தெரியும். ஆகவே உங்கள் பையன் புது ஆளைக் கண்டதும் வீறிடுவதை நோயாக எண்ண வேண்டாம். ஏழெட்டு மாதத்தில், தவழத் தொடங்கும் பருவத்தில், இந்த அச்சம் எல்லா நாட்டுப் பிள்ளைகளுக்கும் வருகிறது. நகரத் தெரிந்த குட்டிக்கு யாரை நம்பலாம் என்பதும் தெரிய வேண்டும் அல்லவா? ஒன்றேகால் வயசில் அது உச்சத்தில் இருப்பது இயல்பு. அதையே சாக்காக வைத்துப் பூச்சாண்டி காட்டிச் சோறு ஊட்டும் வழக்கத்தை மட்டும் விட்டுவிடச் சொல்லுங்கள். நிலாவைக் காட்டி ஊட்டட்டும்.

அப்படியானால் குழந்தைப் பருவத்தில் எதுதான் பிள்ளையை உடைக்கிறது? இதற்கு ருமேனியாவில் கொடுமையான விடை கிடைத்தது. சௌசெஸ்கு ஆட்சி 1989 டிசம்பரில் கவிழ்ந்தபோது, அரசு விடுதிகளில் ஆயிரக்கணக்கான குழந்தைகள் தொட்டில் தொட்டிலாகக் கிடந்தார்கள். சோறு இருந்தது, கூரை இருந்தது. ஷிப்ட் மாறி மாறி வரும் பணியாளர்களில் யாருக்கும் எந்தப் பிள்ளையும் சொந்தம் இல்லை. அழுதால் யாரும் வரமாட்டார்கள் என்று கற்றுக்கொண்ட பிள்ளைகள் அழுவதையே நிறுத்தியிருந்தன. 2000வாக்கில் சார்லஸ் நெல்சன், நேத்தன் ஃபாக்ஸ், சார்லஸ் ஜீனா ஆகியோர் புக்காரெஸ்டில் 136 குழந்தைகளை எடுத்துக்கொண்டு, பாதிப் பேரைச் சீட்டுப் போட்டு வளர்ப்புக் குடும்பங்களில் சேர்த்தார்கள். மறுபாதி விடுதியிலேயே தொடர்ந்தது. மறுபாதியை அங்கேயே விட்டது சரியா என்று இன்றும் விவாதிக்கிறார்கள், விவாதிக்கவும் வேண்டும். இரண்டு வயசுக்குள் குடும்பத்துக்குப் போன பிள்ளைகள் அறிவிலும் பிணைப்பிலும் மற்றவர்களைவிட நன்றாகத் தேறினார்கள். தாமதமாகப் போனவர்கள் அந்த அளவுக்குத் தேறவில்லை.

உங்கள் வீட்டையும் அந்த விடுதியையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். இரண்டிலும் "பல கைகள்". அங்கே கைகள் மாறிக்கொண்டே இருந்தன, எந்தக் கைக்கும் பிள்ளையின் பெயர் தெரியாது. இங்கே அதே மூன்று பேர், தினமும். அவன் கொட்டாவி விட்டால் தூக்கம், காதைத் தடவினால் பசி என்று மூன்று பேருக்கும் தெரியும். ஆள் எத்தனை என்பதைவிட அதே ஆள் நாளைக்கும் வருவாரா என்பதைத்தான் நீங்கள் பார்க்க வேண்டும். ஆறு மாதத்துக்கு ஒரு ஆயா மாறும் இடமாக இருந்தால் நான் இவ்வளவு தைரியமாகப் பதில் எழுதமாட்டேன்.

"தொட்டில் பழக்கம்" பற்றி உங்கள் அத்தை சொல்வது பாதிதான் உண்மை. சில கதவுகள் சீக்கிரம் மூடத்தான் செய்கின்றன, முக்கியமாக மொழி. 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் ஃப்ளாரன்ஸ் சுவைன்சன் பாளையங்கோட்டையில் தொடங்கிய காதுகேளாதோர் பள்ளி உங்கள் அலுவலகத்துக்குப் பக்கத்தில்தான் இருக்கும். சின்ன வயசிலேயே சைகை மொழியோ பேச்சு மொழியோ கிடைத்த பிள்ளைக்கும் எட்டு, பத்து வயசில்தான் கிடைத்த பிள்ளைக்கும் உள்ள வித்தியாசத்தை இப்படிப்பட்ட பள்ளிகளின் ஆசிரியர்கள் கண்ணால் பார்த்தவர்கள். இதன் மறுபக்கம் நிகராகுவாவில் நடந்தது. 1970களின் கடைசியில் அங்கே காதுகேளாத பிள்ளைகளை முதல்முறையாகப் பெரிய அளவில் ஒரே பள்ளியில் சேர்த்தார்கள். யாரும் சொல்லிக்கொடுக்காமல் பிள்ளைகளே கைஜாடைகளைச் சேர்த்து ஒரு மொழியை உண்டாக்கினார்கள். அடுத்தடுத்து வந்த சின்னப் பிள்ளைகள் அதற்கு இலக்கணம் கொடுத்தார்கள். மொழியை உண்டாக்கும் திறமை பரிணாமம் தந்தது. ஆனால் வீட்டில் தனித்தனியாக இருந்தவரை அது மொழியாகவில்லை, கூட்டம் தேவைப்பட்டது. வந்த வயசும் சின்ன வயசாக இருக்க வேண்டியிருந்தது.

ஆனால் குணம், சுபாவம், மனத்திடம் என்று வரும்போது கதவுகள் அவ்வளவு கறாராக மூடுவதில்லை. ருமேனிய விடுதிகளிலிருந்து இங்கிலாந்துக்குத் தத்துப் போன பிள்ளைகளை மைக்கேல் ரட்டர் குழுவினர் பெரியவர்களாகும்வரை பின்தொடர்ந்தார்கள். ஆறு மாதத்துக்குள் போனவர்கள் பெரும்பாலும் மற்றவர்களைப் போலவே வளர்ந்தார்கள். அதற்கு மேல் அங்கே கிடந்தவர்களில் பலருக்குச் சிக்கல்கள் நீடித்தன. அவர்களிலும் ஐந்தில் ஒருவர் எந்தச் சிக்கலும் இல்லாமல் வந்தார். அவ்வளவு மோசமான தொட்டிலே எல்லோரையும் சுடுகாடு வரை துரத்தவில்லை.

மாமா சொல்லும் ரத்தத்துக்கு வருவோம். அவர் சொல்வதில் விஷயம் இல்லாமல் இல்லை. 50 வருஷ இரட்டையர் ஆய்வுகளைத் தொகுத்து 2015இல் வெளியான பெரிய கணக்கில், எல்லாக் குணங்களையும் சேர்த்துப் பார்த்தால் ஆளுக்கு ஆள் உள்ள வேறுபாட்டில் சராசரியாக 49 சதவீதம் மரபணுவால் என்று வந்தது. "பாத்தியா, பாதி ரத்தம்" என்பார் மாமா. அவர் விவசாயம் பார்த்தவராக இருந்தால் இப்படிக் கேளுங்கள்: கன்னடியன் கால்வாய்ப் பாசனத்தில் ஒரே வயலில் அம்பை 16 நெல்லையும் வேறொரு ரகத்தையும் நட்டால், விளைச்சல் வித்தியாசம் விதையால். அதே அம்பை 16ஐ நாங்குநேரிப் பக்கம் வானம் பார்த்த குளத்துப் பாசனத்தில், குளம் பெருகாத வருஷத்தில் நட்டால், வித்தியாசம் தண்ணீரால். அப்படியானால் ஒரு மூட்டை நெல்லில் எத்தனை மரக்கால் விதையால் வந்தது, எத்தனை மரக்கால் தண்ணீரால் வந்தது? பிரிக்க முடியாது. அந்த 49 சதவீதமும் அப்படித்தான். ஒரு கூட்டத்துக்குள் உள்ள வேறுபாட்டின் கணக்கு அது. உங்கள் பையனைப் பாதியாக அறுத்துக் காட்டும் கணக்கு இல்லை. எல்லோருக்கும் ஒரே மாதிரி சத்துணவும் பள்ளியும் கிடைக்கும் ஊரில் மரபணுவின் பங்கு கூடித் தெரியும். பசி உள்ள ஊரில் குறைந்து தெரியும். காமராஜர் காலத்து மதிய உணவு எட்டயபுரத்தில் தொடங்கியபோது அது அன்றைய திருநெல்வேலி மாவட்டம்தான். அந்தச் சோற்றால் எத்தனை பேருடைய "ரத்தம்" திடீரென்று படிக்க ஆரம்பித்தது என்று மாமாவுக்கே தெரிந்திருக்கும்.

மூன்று பேர் மூன்று விதம் என்ற கடைசிக் கேள்வி. பிள்ளை குழம்பாது. ஆச்சியிடம் அழுதால் மிட்டாய், மதினியிடம் அழுதால் வேடிக்கை, அத்தையிடம் அழுதால் முதுகில் ஒரு தட்டு என்று ஆளுக்கு ஒரு கணக்கு வைத்துக்கொள்ளும். தூக்கம், சோறு இரண்டுக்கும் நேரம் ஒன்றாக இருக்கட்டும். மற்றதில் அவரவர் போக்கில் விடுங்கள். மூன்று பேரில் யாராவது நாள் முழுக்கப் போனையே பார்த்துக்கொண்டு முகம் கொடுக்காமல் இருந்தால் மட்டும் தயங்காமல் பேசுங்கள். தாய் இரண்டே நிமிஷம் முகத்தை அசையாமல் வைத்துக்கொண்டால்கூடக் கைக்குழந்தை எப்படித் தவித்துப் போகிறது என்பதை எட்வர்ட் ட்ரோனிக் 1970களிலேயே படம் பிடித்துக் காட்டிவிட்டார்.

காலையில் காக்காயைக் காட்டிப் பையனைத் திருப்பிவிட்டு நீங்கள் பின்வாசல் வழியாக நழுவுவதாக எழுதியிருந்தீர்கள். அதை இன்றோடு நிறுத்திவிடுங்கள். அழுதாலும் பரவாயில்லை, முன்வாசலில் நின்று "அம்மா போயிட்டு சாயங்காலம் வாரேன்" என்று சொல்லி, அத்தை கையில் கொடுத்துவிட்டுப் போங்கள். முதல் வாரம் தெரு கூடும் அளவுக்கு அழுவான். அப்புறம் பஸ் சத்தம் கேட்டதும் அவனே கையாட்டத் தொடங்குவான்.